உட்கார்ந்து யோசித்தால் போதுமா, எழுந்து போய்ப் பார்க்க வேண்டுமா? பகுத்தறிவையும் பட்டறிவையும் பிரித்துப் பார்க்கும் வழி

நானும் ஒரு நண்பரும் ஒரு முறை முக்கால் மணி நேரம் வாதாடினோம். ஒரு பெரிய அலமாரி மாடிப்படி வளைவில் திரும்புமா திரும்பாதா என்பதுதான் விஷயம். அவர் கையை விரித்து விரித்துக் காட்டினார், நான் தாளில் படம் போட்டேன், கடைசிவரை இரண்டு பேரும் ஒரு டேப்பை எடுத்து அளக்கவே இல்லை. வேறொரு நாள் இதற்கு நேர் எதிராக ஒன்று நடந்தது. இரண்டு ஒற்றைப்படை எண்களைக் கூட்டினால் எப்போதுமே இரட்டைப்படைதான் வருமா என்று ஒரு பையன் கேட்டான். கூட இருந்த பெரியவர் "போட்டுப் பாரு, தெரியும்" என்று சொல்லிவிட்டார். அவன் 3-ஐயும் 5-ஐயும், 7-ஐயும் 11-ஐயும், 13-ஐயும் 29-ஐயும் என்று பக்கம் பக்கமாகக் கூட்டிக்கொண்டே இருந்தான். ஆயிரம் ஜோடி போட்டாலும் "எப்போதுமே" என்ற சொல்லுக்கு அவனுக்குப் பதில் கிடைத்திருக்காது.

எந்தக் கேள்வி எந்த வகை என்று தெரியாமல் இறங்கினால் இப்படித்தான் நேரம் போகும். பிரித்துப் பார்ப்பது கடினமில்லை, ஆனால் பழக வேண்டும். நான் பழகிய முறையைச் சொல்கிறேன்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ளுங்கள். நம்மிடம் படிப்பறிவு, பட்டறிவு, பகுத்தறிவு என்று மூன்று சொற்கள் இருக்கின்றன. பேச்சில் முதலாவதையும் மூன்றாவதையும் ஒன்றாக்கி, இரண்டாவதை எதிரே நிறுத்திவிடுகிறோம். "ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது" என்று சொல்லும்போது ஏடு ஒரு பக்கம், அனுபவம் மறுபக்கம் என்று பிரிக்கிறோம் இல்லையா, இங்கே நமக்கு வேண்டிய பிரிவு அது இல்லை. ஒளி ஒரு விநாடியில் கிட்டத்தட்ட 3 லட்சம் கிலோமீட்டர் போகும் என்பதை நீங்கள் ஏட்டில்தான் படித்திருப்பீர்கள். ஆனால் அந்த ஏட்டுக்குப் பின்னால் யாரோ கருவிகளை வைத்து அளந்திருக்கிறார்கள், அதாவது அது இன்னொருவருடைய பட்டறிவு, எழுத்து வழியாக உங்களிடம் வந்திருக்கிறது. அதே ஏட்டில், ஒரு முழு எண்ணின் வர்க்கம் இரட்டைப்படையானால் அந்த எண்ணும் இரட்டைப்படையாகவே இருக்கும் என்றும் எழுதியிருக்கலாம். அதை யாரும் போய் அளக்கவில்லை, யோசித்தே முடித்தார்கள், நீங்களும் இப்போதே யோசித்து முடிக்கலாம். ஆக, எங்கிருந்து வந்து சேர்ந்தது என்பதை வைத்து வகை பிரிக்கக் கூடாது.

எப்படிக் கற்றோம் என்பதை வைத்தும் பிரிக்கக் கூடாது. ஏழும் ஐந்தும் பன்னிரண்டு என்பதை எல்லாரும் விரல்விட்டோ மணிகளை நகர்த்தியோதான் கற்றோம். அப்படியானால் அது அனுபவ அறிவா? ஜெர்மானியத் தத்துவஞானி இம்மானுவேல் கான்ட் இந்த இடத்தில்தான் விஷயத்தைத் தெளிவாக்கினார். 'தூய பகுத்தறிவின் விமர்சனம்' என்ற தன் பெரிய நூலின் 1787-ஆம் ஆண்டுப் பதிப்பின் தொடக்கத்திலேயே, நம் அறிவு எல்லாம் அனுபவத்தோடுதான் தொடங்குகிறது, அதனால் எல்லாமே அனுபவத்திலிருந்துதான் வருகிறது என்று ஆகிவிடாது என்கிறார். மணிகள் உங்களுக்கு விஷயத்தைப் புரியவைத்தன. ஆனால் நாளைக்கு ஒருவர் அதைச் சந்தேகித்தால் நீங்கள் மணிகளைத் தேடி ஓட மாட்டீர்கள்.

அதுதான் முதல் கேள்வி, எனக்கு எல்லாவற்றையும்விட முக்கியமான கேள்வி: யாராவது இதைச் சந்தேகித்தால் நான் என்ன செய்வேன்? நாற்காலியிலேயே உட்கார்ந்து, சொற்களின் பொருளையும் ஒன்றிலிருந்து ஒன்று எப்படி வருகிறது என்பதையும் காட்டி அவரை ஒப்புக்கொள்ள வைக்க முடியுமானால் அது பகுத்தறிவால் தெரிந்தது. எழுந்து போய்ப் பார்க்கவோ, அளக்கவோ, பார்த்தவரைக் கேட்கவோ வேண்டுமென்றால் பட்டறிவு. அந்தப் பையனுக்குச் சொல்ல வேண்டியது இதுதான்: ஒற்றைப்படை எண் என்றால் இரண்டிரண்டாக ஜோடி சேர்த்தபின் ஒன்று தனியாக மிஞ்சும். இரண்டு ஒற்றைப்படை எண்களைச் சேர்த்தால் மிஞ்சிய இரண்டும் தங்களுக்குள் ஜோடி சேர்ந்துகொள்ளும், எதுவும் மிஞ்சாது. அவ்வளவுதான். இனிமேல் அவன் பார்க்கவே போகாத எண்களுக்கும் இது பொருந்தும் என்று அவனுக்குத் தெரியும்.

இந்த ஒரு கேள்வியிலேயே பாதி வாக்கியங்கள் பிரிந்துவிடும். பிரியாதவற்றுக்கு எதிர்மறையை எடுத்துப் பாருங்கள். "அது அப்படி இல்லை" என்று வைத்துக்கொண்டால் அந்த வாக்கியம் தன்னைத்தானே வெட்டிக்கொள்கிறதா, இல்லை வெறுமனே நடக்காத ஒன்றாக மட்டும் தெரிகிறதா? ஸ்காட்லாந்துத் தத்துவஞானி டேவிட் ஹியூம் 1748-இல் இதே வழியைத்தான் சொன்னார். நாளை சூரியன் உதிக்காது என்ற வாக்கியத்தில் எந்த முரணும் இல்லை, ஆகவே உதிக்கும் என்பதை யோசனையால் மட்டும் நிறுவ முடியாது என்றார். ஆனால் இதற்கு நம் பழைய தருக்கத்திலேயே அருமையான ஒரு ஜோடி இருக்கிறது. இல்லாத பொருளுக்கு எடுத்துக்காட்டாக முயற்கொம்பையும் மலடி மகனையும் ஒரே மூச்சில் சொல்வார்கள். (இரண்டாவது சொல் இன்று யாரையும் புண்படுத்தும், அதனால் பிள்ளையே பெறாதவள் பெற்ற பிள்ளை என்று சொல்லிக்கொள்கிறேன்.) இரண்டும் இல்லை என்பது சரி, ஆனால் இரண்டும் ஒரே விதத்திலா இல்லாமல் இருக்கின்றன? பிள்ளையே பெறாதவள் பெற்ற பிள்ளை என்பதில் முதல் பாதி இரண்டாம் பாதியை அழித்துவிடுகிறது, உலகம் முழுக்கத் தேடவே வேண்டாம். முயல் விஷயம் அப்படியில்லை. முயல் என்ற சொல்லுக்குள் "கொம்பு கிடையாது" என்று எதுவும் எழுதி ஒட்டவில்லை, பார்த்த முயல்களுக்கு இல்லை, அவ்வளவுதான். உண்மையிலேயே அமெரிக்கக் காட்டு முயல்கள் சிலவற்றுக்குத் தலையில் கொம்பு போல முளைப்பதுண்டு. அது ஒரு வைரஸால் வரும் கட்டி என்று ரிச்சர்ட் ஷோப் 1933-இல் காட்டினார். மான்கொம்பு மாதிரி எலும்பு இல்லைதான், ஆனாலும் முயல் தலையில் கொம்பு போல ஒன்று இருக்கவே முடியாது என்று யோசித்தே தீர்ப்புச் சொன்னவர் தோற்றிருப்பார். ஜோடியில் மற்றதில், பெறாதவள் பெற்ற பிள்ளையில், அப்படித் தோற்க வழியே இல்லை.

இந்தச் சோதனையில் எல்லாரும் சறுக்கும் ஓர் இடம் உண்டு. "என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை" என்பதும் "அதில் முரண் இருக்கிறது" என்பதும் வேறு வேறு. பூமியின் மறுபக்கத்தில் மனிதர்கள் தலைகீழாகத் தொங்காமல் எப்படி நிற்பார்கள் என்று ஒரு காலத்தில் நினைத்துப் பார்க்கவே முடியாமல் இருந்தது. அது அந்த மனங்களின் எல்லை, அந்த வாக்கியத்தில் முரண் எதுவும் இல்லை. முரண் என்றால் எந்தச் சொல் எந்தச் சொல்லோடு மோதுகிறது என்று விரல் வைத்துக் காட்டுங்கள். காட்ட முடியவில்லை என்றால் எழுந்து போய்ப் பாருங்கள்.

அதே போல உறுதியை அளவுகோலாக வைக்காதீர்கள். நிச்சயமாகத் தெரிந்தது பகுத்தறிவு, சந்தேகமானது பட்டறிவு என்று பலர் நினைக்கிறார்கள், நானும் நெடுநாள் அப்படித்தான் நினைத்திருந்தேன். நெருப்பு சுடும் என்பதில் எனக்கு எள்ளளவும் சந்தேகம் இல்லை, அது முழுக்கப் பட்டறிவு. 387-ஐ 694-ஆல் பெருக்கினால் என்ன வரும் என்பதை மனக்கணக்காகச் சொன்னால் நான் தப்பாகச் சொல்ல நிறைய வாய்ப்புண்டு, ஆனாலும் அது பகுத்தறிவின் வேலைதான். தப்பு செய்யக்கூடியவர் யோசிக்கிறார் என்பதால் விஷயத்தின் வகை மாறிவிடாது.

அடுத்த சோதனை எனக்கு மிகவும் பிடித்தது. எதிர்பார்த்ததற்கு மாறாக ஏதாவது கண்ணில் பட்டால் நீங்கள் யாரைக் குறை சொல்வீர்கள்? ஒரு லிட்டர் தண்ணீரோடு ஒரு லிட்டர் சுத்தமான ஆல்கஹாலைக் கலந்தால் 2 லிட்டர் வராது, கொஞ்சம் குறையும். மூலக்கூறுகள் நெருக்கமாக அமர்ந்துகொள்வதால் அப்படி ஆகிறது. இதைப் பார்த்துவிட்டு ஒன்றும் ஒன்றும் இரண்டில்லை என்று யாராவது சொல்வார்களா? மாட்டார்கள். கலந்தால் கன அளவு அப்படியே கூடும் என்று நினைத்தோமே, அந்த நினைப்புதான் தப்பு என்போம். கூட்டல் தப்பிக்கும், திரவங்களைப் பற்றிய எண்ணம் மாட்டிக்கொள்ளும். அதிலிருந்து எது எந்த வகை என்று தெரிந்துவிடும். அதேபோல தாளில் முக்கோணம் வரைந்து பாகைமானியால் அளந்தால் மூன்று கோணமும் சேர்ந்து 179 வரும், 181 வரும். பென்சிலைக் குறை சொல்வோம், கையைக் குறை சொல்வோம், 180 என்ற தேற்றத்தைத் தொட மாட்டோம்.

ஆனால் முக்கோணம் அவ்வளவு சுலபமாக விடாது. உலக உருண்டை ஒன்றை எடுத்து, வட துருவத்திலிருந்து நிலநடுக்கோட்டுக்கு இரண்டு கோடுகளை இறக்குங்கள், துருவத்தில் அவற்றுக்கிடையே 90 பாகை இருக்கட்டும். கீழே நிலநடுக்கோட்டோடு இரண்டும் செங்கோணத்தில் சேரும். மூன்று செங்கோணம், மொத்தம் 270! தேற்றம் பொய்யாகிவிட்டதா? இல்லை. தட்டையான பரப்புக்குப் பழைய கிரேக்கக் கணித அறிஞர் யூக்ளிட் வைத்த அடிப்படைகளிலிருந்து 180 வருகிறது, அது இன்றும் அப்படியே நிற்கிறது. கணித அறிஞர்கள் லோபசெவ்ஸ்கி 1829-இலும், போயாய் 1832-இலும், இணைகோடுகளைப் பற்றிய அடிப்படையை மாற்றினால் முரண் எதுவும் தட்டுப்படாத வேறொரு வடிவியல் கிடைக்கிறது என்று காட்டினார்கள். அப்புறம்தான் தெரிந்தது, இங்கே ஒட்டிக்கிடந்தவை இரண்டு கேள்விகள் என்று. இந்த அடிப்படைகளை ஏற்றால் என்ன வரும் என்பது உட்கார்ந்து தீர்க்க வேண்டியது. நாம் வாழும் வெளி எந்த அடிப்படைகளுக்கு ஒத்துப்போகிறது என்பது போய்ப் பார்க்க வேண்டியது. 1919-இல் சூரிய கிரகணத்தின்போது நட்சத்திர ஒளி எவ்வளவு வளைகிறது என்று அளக்கப் பயணம் போனார்களே, அது இந்த இரண்டாவது கேள்விக்காகத்தான். கான்டே நம் வெளியின் வடிவியல் யூக்ளிடுடையதுதான் என்பதை அனுபவத்துக்கு முந்திய அறிவு என்று நம்பியிருந்தார். அவ்வளவு பெரிய மனிதர் ஒட்டிக்கொண்ட இடத்தில் நாமும் ஒட்டிக்கொள்வோம், அதனால் நிதானமாகப் பிரியுங்கள்.

பிரிப்பதுதான் இந்தப் பழக்கத்தின் பெரும்பகுதி. ஏனென்றால் நாம் பேசும் வாக்கியங்களில் பெரும்பாலானவை கலவை. ஓர் அரங்கில் 367 பேர் இருக்கிறார்கள், அவர்களில் குறைந்தது இரண்டு பேருக்காவது பிறந்தநாள் ஒரே தேதியில் வரும். யாரையும் கேட்காமலே சொல்லலாம் என்பதால் இது சுத்தமான பகுத்தறிவு என்று தோன்றும். பிரித்துப் பாருங்கள். பெட்டிகளைவிடப் பொருட்கள் அதிகமாக இருந்தால் ஏதாவது ஒரு பெட்டியில் குறைந்தது இரண்டு பொருள் இருக்கும் என்பது பகுத்தறிவு. லீப் வருடத்தையும் சேர்த்து நாட்காட்டியில் 366 தேதிகள்தான் உண்டு என்பது நாமாக வைத்துக்கொண்ட ஏற்பாடு, அந்த ஏற்பாட்டுக்குக் காரணம் பூமி சூரியனைச் சுற்ற ஏறக்குறைய 365¼ நாள் எடுக்கிறது என்ற பட்டறிவு. அரங்கில் 367 பேர் இருக்கிறார்கள் என்பதை யாரோ எண்ணியிருக்கிறார்கள். மூன்று இழை ஒரே கயிற்றில். யாராவது மறுத்தால் எந்த இழையை மறுக்கிறார் என்று கேளுங்கள், அந்த இழைக்குரிய வழியில் பதில் சொல்லுங்கள். எங்கள் அலமாரியும் அப்படித்தான்: அகலம், உயரம், படியின் வளைவு எல்லாம் டேப்பின் வேலை, அந்த அளவுகளை வைத்துக்கொண்டு திரும்புமா என்பது தாளின் வேலை. நாங்கள் டேப்பின் வேலையை வாயால் செய்துகொண்டிருந்தோம்.

தமிழில் தருக்கம் படித்தவர்களுக்கு இங்கே ஒரு சந்தேகம் வரும். காட்சி (நேரே காண்பது), கருதல் (ஊகிப்பது), உரை (நம்பத்தக்கவர் சொல்வது) என்று அளவைகள், அதாவது அறியும் வழிகள், ஏற்கெனவே இருக்கின்றனவே, காட்சி என்றால் பட்டறிவு, கருதல் என்றால் பகுத்தறிவு என்று வைத்துக்கொள்ளலாமே? வைத்துக்கொள்ளாதீர்கள். கருதலுக்கு எப்போதும் சொல்லப்படும் எடுத்துக்காட்டு, மலையில் புகையைக் கண்டு நெருப்பு இருப்பதாக அறிவது. நெருப்பைப் பார்க்கவில்லை, ஊகித்தோம், உண்மைதான். ஆனால் புகை இருக்கும் இடத்தில் நெருப்பு இருக்கும் என்ற இணைப்பு எங்கிருந்து வந்தது? அடுப்பங்கரையில் பார்த்துப் பார்த்து வந்தது. ஆகவே அந்த ஊகம் பட்டறிவின் மேல் நிற்கிறது. கருதலில் பட்டறிவு இழையும் இருக்கலாம், பகுத்தறிவு இழையும் இருக்கலாம். "ஊகித்தேன்" என்ற சொல்லைக் கேட்டதுமே பகுத்தறிவு என்று குறித்துவிடக் கூடாது. உரை அளவையைப் பற்றிப் படிப்பறிவு என்ற பெயரில் மேலேயே பார்த்துவிட்டோம்.

இனி, நிறைய உதாரணங்களைப் பார்த்துப் பொது முடிவுக்கு வரும் வழி. ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது அழகான விதி, பானை முழுக்க ஒரே சூடு பரவியிருக்கும் வரைக்கும். பரவியிருக்கிறதா என்பதும் பட்டறிவுதான். ஐரோப்பியர்கள் எல்லா அன்னமும் வெள்ளை என்று நூற்றாண்டுக் கணக்கில் நம்பினார்கள். 1697-இல் டச்சு மாலுமி வில்லெம் டி விலாமிங்கின் குழு ஆஸ்திரேலியாவின் மேற்குக் கரையில் கறுப்பு அன்னங்களைப் பார்த்தது. பறவையில் நடந்தது எண்ணில் நடக்காது என்று நினைக்கிறீர்களா? ஒரு தாள் எடுங்கள். ஏதாவது ஒரு முழு எண், அதை அதனாலேயே பெருக்குங்கள், வந்ததிலிருந்து அதே எண்ணைக் கழியுங்கள், 41-ஐக் கூட்டுங்கள். 1-க்கு 41. 2-க்கு 43. 3-க்கு 47. 4-க்கு 53. எல்லாமே பகா எண்கள். கணித அறிஞர் ஆய்லர் 1772-இல் குறிப்பிட்டது இது. 10 போட்டாலும் பகா எண், 20 போட்டாலும், 30 போட்டாலும், 40 போட்டாலும் 1601, அதுவும் பகா எண். நாற்பது முறை தொடர்ந்து உண்மையான ஒன்றை யார்தான் நம்ப மாட்டார்கள்? 41 போடுங்கள். 41-ஐக் கழித்து 41-ஐக் கூட்டினால் இரண்டும் அடிபட்டு 41 பெருக்கல் 41 மட்டும் மிஞ்சுகிறது, 1681, பகா எண் இல்லை. நாற்பது உதாரணங்கள் காட்டாததை ஒரு நிமிட யோசனை காட்டிவிட்டது. எண்களைப் பற்றிய ஒரு கூற்றுக்கு யாராவது உதாரணங்களை மட்டுமே அடுக்கினால், அவர் இன்னும் பட்டறிவில்தான் நிற்கிறார், சரியான இடத்துக்கு வந்து சேரவில்லை.

யோசனை எவ்வளவு தூரம் போகும், எங்கே நிற்கும் என்று தெரிய கலிலியோவின் வாதத்தைப் போல வேறொன்றும் எனக்குத் தெரியாது. கனமான பொருள் வேகமாக விழும், லேசானது மெதுவாக விழும் என்று வைத்துக்கொள்வோம். இரண்டையும் கயிற்றால் கட்டிப் போட்டால்? லேசானது கனமானதை இழுத்துப் பிடிக்கும், ஆகவே தனிக் கனப் பொருளைவிட மெதுவாக விழ வேண்டும். ஆனால் இரண்டும் சேர்ந்தால் இன்னும் கனம், ஆகவே இன்னும் வேகமாக விழ வேண்டும். ஒரே கூற்றிலிருந்து இரண்டு எதிரெதிர் முடிவு. எந்தக் கோபுரமும் ஏறாமல் பழைய கருத்து சாய்ந்துவிட்டது. 1971-இல் அப்போலோ 15-இல் போன டேவிட் ஸ்காட் காற்றில்லாத நிலவில் நின்று சுத்தியலையும் இறகையும் ஒன்றாகப் போட்டார், இரண்டும் ஒன்றாகவே தரையைத் தொட்டன. ஆனால் விழும் வேகம் பூமியில் ஒவ்வொரு விநாடியும், விநாடிக்கு ஏறக்குறைய 9.8 மீட்டர் அளவுக்குக் கூடுகிறது என்ற எண்ணை, கலிலியோ நூறு வருடம் உட்கார்ந்து யோசித்திருந்தாலும் கண்டுபிடித்திருக்க முடியாது. அது பூமியிடம் கேட்டு வாங்க வேண்டிய எண்.

சில விஷயங்களை இரண்டு வழியிலும் அறியலாம், அப்போது பதற்றப்படாதீர்கள். மூன்று கதவு, ஒன்றின் பின்னால் பரிசு, நீங்கள் ஒன்றைத் தேர்ந்தபின், பரிசு எங்கே என்று தெரிந்தவர் மற்ற இரண்டில் பரிசில்லாத ஒன்றைத் திறந்துகாட்டி, மாற்றிக்கொள்கிறீர்களா என்று கேட்கிறார். மாற்றினால் வெல்லும் வாய்ப்பு மூன்றில் இரண்டு. முதல் தேர்வு தப்பாக இருக்கும் வாய்ப்பே மூன்றில் இரண்டு, தப்பாக இருக்கும்போதெல்லாம் மாற்றுபவர் வெல்கிறார், அவ்வளவுதான் நிரூபணம். இதை ஒத்துக்கொள்ளாதவர்கள் 300 தடவை ஆடிப் பார்க்கலாம், 200-ஐ ஒட்டி வரும். ஆட்டம் "ஏறக்குறைய இவ்வளவு" என்று சொல்லும், யோசனை "ஏன் சரியாக இவ்வளவு" என்று சொல்லும். முடிந்தால் இரண்டையும் செய்யுங்கள். யோசனையில் எங்கே தப்பு செய்தோம் என்று ஆட்டம் பல சமயம் காட்டிக்கொடுக்கும்.

யோசித்தே தீர்த்துவிடலாம் என்று தோன்றுகிற, ஆனால் தீர்க்க முடியாத கேள்வி ஒன்றையும் சொல்ல வேண்டும். 1688-இல் வில்லியம் மாலினூ என்பவர், ஆங்கிலத் தத்துவஞானி ஜான் லாக்குக்கு எழுதிக் கேட்டார்: பிறவியிலேயே பார்வை இல்லாத ஒருவர் கனசதுரத்தையும் உருண்டையையும் தொட்டுத் தொட்டு நன்றாக அறிவார், அவருக்குத் திடீரென்று பார்வை வந்தால், தொடாமல் பார்த்த மாத்திரத்தில் எது எது என்று சொல்வாரா? லாக் முடியாது என்றார். முடியும் என்றவர்களும் இருந்தார்கள், மூலைகளின் எண்ணிக்கையை வைத்து யோசித்தே கண்டுபிடிக்கலாமே என்பது ஜெர்மானியத் தத்துவஞானி லைப்னிட்ஸ் பக்க வாதம். முந்நூறு வருடத்துக்கும் மேலாக எவ்வளவோ பேர் எழுதினார்கள். 2011-இல் வெளிவந்த ஓர் ஆய்வில், இந்தியாவில் அறுவை சிகிச்சையால் பார்வை பெற்ற, 8 முதல் 17 வயதுக்குட்பட்ட ஐந்து பேரைச் சோதித்தார்கள். பார்த்ததைப் பார்த்ததோடு பொருத்த முடிந்தது, தொட்டதைத் தொட்டதோடு பொருத்த முடிந்தது, தொட்டதைப் பார்த்ததோடு பொருத்தச் சொன்னபோது குருட்டாம்போக்கில் சொல்வதற்குக் கொஞ்சம்தான் மேலே. ஆனால் சில நாட்களிலேயே, யாரும் பயிற்சி கொடுக்காமல், அவர்களுக்கு அது கைவந்தது. இதை எந்த நாற்காலியிலிருந்தும் யாரும் தெரிந்துகொண்டிருக்க முடியாது.

பழகிப் பார்க்க ஒரு வாக்கியம் தருகிறேன்: ஒரே பரப்பு ஒரே நேரத்தில் முழுக்கச் சிவப்பாகவும் முழுக்கப் பச்சையாகவும் இருக்க முடியாது. முதல் கேள்வியைப் போடுங்கள், யாராவது சந்தேகித்தால் பொருட்களைப் போய்ப் பார்ப்பீர்களா? நான் பார்க்க மாட்டேன், பகுத்தறிவு என்பேன். எதிர்மறையை எடுங்கள், முரண் எந்தச் சொல்லில் இருக்கிறது? இங்கே தடுமாறுகிறது, ஏனென்றால் சிவப்பு என்ற சொல்லுக்குள் "பச்சை அல்ல" என்று எழுதியிருக்கிறதா என்றால் விரல் வைத்துக் காட்ட முடியவில்லை. சிவப்பையும் பச்சையையும் ஒருமுறைகூடப் பார்க்காத ஒருவருக்கு இந்த வாக்கியமே முழுதாகப் புரியுமா என்ற கேள்வியும் இருக்கிறது. புரிந்துகொள்ள அனுபவம் வேண்டும், சரிபார்க்க அனுபவம் வேண்டாம் என்பது என் பதில். ஏழும் ஐந்தும் பன்னிரண்டு போலவே இதுவும் என்றுதான் நினைக்கிறேன், ஆனால் ஒரு நாள் முழுக்க இதையே வைத்துக்கொண்டு, மூன்று சோதனைகளையும் மாற்றி மாற்றிப் போட்டுப் பாருங்கள்.